பச்சை விளக்குக்கு நான் எழுதிய எண்கள்

எங்கள் பல்கலைக்கழகத்தின் கணினி அறிவியல் துறையில் பாடத்திட்டத்தில் இல்லாத ஒரு பாடம் உண்டு. லேப் தேர்வுக்கு வெளியூரிலிருந்து எக்ஸாமினர் வருவார். நம்முடைய புரோகிராம் ஓடவில்லை என்றால் அழுதுகொண்டு உட்காரக் கூடாது. வரவேண்டிய விடை என்னவென்று நமக்குத் தெரியும் அல்லவா, அதை அப்படியே திரையில் காட்டும்படி இரண்டு வரி எழுதிவிட வேண்டும். உள்ளே கணக்கு எதுவும் நடக்காது, விடை மட்டும் வரும். எக்ஸாமினர் எட்டிப் பார்ப்பார், தலையாட்டுவார், அடுத்த மேசைக்குப் போவார். அவர் நகர்ந்ததும் அந்த இரண்டு வரியை அழித்துவிட வேண்டும். இதை எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தவர்கள் சீனியர்கள். நாங்கள் ஜூனியர்களுக்குச் சொன்னோம். லேப் உதவியாளருக்கும் தெரியும். அவர் அந்த நேரத்தில் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு நிற்பார்.

நான் மூன்று தேர்வுகளில் அப்படிச் செய்திருக்கிறேன். ஒன்றில் வகுப்பிலேயே அதிக மதிப்பெண் எனக்குத்தான். வெட்கமாக இருந்ததா என்றால், இல்லை. எல்லோரும் செய்கிற காரியத்துக்கு யார் வெட்கப்படுவார்கள்? இதைச் சொல்லாமல் மற்றதைச் சொன்னால் நான் நல்லவள் போலத் தெரிவேன். அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

படிப்பு முடிந்து சில வருடம் பெங்களூரு, பிறகு கல்யாணம், பிறகு கோத்தகிரி. ஊட்டில் உட்கார்ந்தே வேலை பார்க்கலாம் என்று கம்பெனி சொன்னதும் மலைக்கு வந்துவிட்டேன். ஊடு என்றால் வீடு. கோவைக்காரரைக் கட்டிக்கொண்டதில் நாக்கு மாறிவிட்டது. என் வேலை டெஸ்டிங், அதாவது அடுத்தவர்கள் எழுதிய புரோகிராமில் குறை கண்டுபிடிப்பது. சம்பளம் வாங்கிக்கொண்டு குறை சொல்லும் பாக்கியம் எல்லோருக்கும் கிடைப்பதில்லை என்று என் கணவர் அடிக்கடி சொல்லிக் காட்டுவார்.

துறையின் முன்னாள் மாணவர்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குழு இருந்தது. பிறந்தநாள் வாழ்த்து, குழந்தை பிறந்த செய்தி, பழைய கேன்டீன் போட்டோ என்று சாதுவாகத்தான் இருந்தது. பிறகு ஸ்டார்ட்அப் காய்ச்சல் வந்தது. முன்பெல்லாம் யாராவது வேலையை விட்டுவிட்டேன் என்று எழுதினால் ஆறுதல் சொல்வார்கள். இப்போது கைதட்டினார்கள். வெளிநாட்டில் இருந்த சீனியர்கள் வழிகாட்டிகள் ஆனார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் வீடியோவில் வந்து, துணிந்தவனுக்கே உலகம் என்கிற பாணியில் பேசுவார்கள். நான் கேமராவை அணைத்துவிட்டுத் துணி மடித்துக்கொண்டிருப்பேன்.

அப்படி வேலையை விட்டவர்களில் ஒருவன் என் பேட்ச்மேட். கோவையில் பாத்திரக்கடை வைத்திருக்கும் குடும்பம். படிக்கிற காலத்தில் என் பக்கத்துக் கணினி. அவன் செய்ய நினைத்தது இதுதான். மண் சரியக்கூடிய மலைச்சரிவில் இரும்புக் குழாய்களை ஊன்றி, மண்ணின் ஈரத்தையும் சாய்வையும் அளக்கும் கருவிகளை அதற்குள் வைப்பது. அவை அனுப்பும் எண்களை எங்கேயோ ஒரு கணினி பார்த்துக்கொண்டே இருக்கும். கீழே வீட்டுச் சுவரில் ஒரு பெட்டி. பச்சை எரிந்தால் பயமில்லை. மஞ்சள் எரிந்தால் தயாராக இருக்க வேண்டும். சிவப்பு எரிந்து சைரன் ஊதினால் ஓடிவிட வேண்டும். யோசனை நல்ல யோசனை. இன்றைக்கும் அப்படித்தான் சொல்வேன்.

"நீ கோத்தகிரிலதான இருக்க. நீ பாக்காம வேற யாரு பாப்பாங்க? நம்ம டிபார்ட்மெண்டுக்குச் செய்யறதுன்னு நெனச்சுக்க" என்றான். டிபார்ட்மெண்ட் என்ற சொல்லைக் கேட்டால் இளகிப்போகிற ஒரு புத்தி எங்கள் எல்லோருக்கும் உண்டு. ஒப்புக்கொண்டேன்.

முதல் சரிவு கீழ் கோத்தகிரியில் ஒரு எஸ்டேட்டில் கிடைத்தது. தொழிலாளர் குடியிருப்பு மூன்று லைன், பதினான்கு வீடு. வீடுகளுக்குப் பின்னால் தேயிலை, அதற்கு மேலே மரம் வெட்டிய சரிவு, அதற்கும் மேலே யாரோ விடுதி கட்டுவதற்காகப் புதிதாக வெட்டிய சாலை. அந்தச் சாலை வந்ததிலிருந்து மழைத்தண்ணீர் பழைய வாய்க்காலை விட்டு வேறு பக்கமாக இறங்க ஆரம்பித்திருந்தது. சரிவின் நடுவே ஓர் இடத்தில் மண் லேசாகப் பிளந்திருந்தது. அதன் மேல் கால் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

பெட்டியைக் கடைசி லைனின் கடைசி வீட்டில் மாட்டினோம். அந்த வீட்டு அக்கா கொழுந்து பறிப்பவர். சின்ன வயதில் இலங்கைத் தோட்டத்திலிருந்து பெற்றோருடன் கப்பலேறி வந்தவர். இன்னமும் லைனை லயம் என்றும் அறையைக் காம்பரா என்றும்தான் சொல்வார். அவருடைய கணவருக்கு இரண்டு காலும் விளங்காது. நான் லேப்டாப்போடு போய் நின்றதால் என்னை மிஸ் என்று கூப்பிட ஆரம்பித்தார். நான் டீச்சர் இல்லை என்று இரண்டு முறை சொல்லிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன்.

ஐப்பசி மழையின் ஆரம்பத்திலேயே இரண்டு முறை சிவப்பு எரிந்தது. இரண்டு முறையும் பதினான்கு வீட்டுக்காரர்களும் மழையில் நனைந்துகொண்டு மேட்டுப் பள்ளிக்கூடத்துக்கு ஏறினார்கள். அக்காவின் கணவரை நாற்காலியோடு நான்கு பேர் தூக்கிப் போனார்கள். ஒரு பிடி மண்கூட விழவில்லை. ஒரு குழாய்க்குள் தண்ணீர் புகுந்திருந்தது. இன்னொன்றைக் காட்டெருமை உரசிச் சாய்த்திருந்தது.

"மூணாவது வாட்டி ஊதுனா யாரும் வரமாட்டாங்க மிஸ்" என்றார் அக்கா. கோபமாகச் சொல்லவில்லை. "இவர நாற்காலியோட தூக்கிக்கிட்டு சறுக்கு மண்ணுல ஏறுறது என்னான்னு எங்களுக்குத்தான் தெரியும். அரநாள் பேரும் போச்சு."

அரைநாள் பேர் என்றால் அரைநாள் கூலி. அன்றைக்கு எனக்கு ஒன்று புரிந்தது. கருவி சரியாக வேலை செய்கிறதா என்பது பாதிக் கேள்விதான். உண்மையிலேயே மண் இறங்குகிற நாளில் இந்தப் பதினான்கு வீடும் எழுந்து போகுமா என்பதுதான் மீதி. அதற்காகவாவது இனி அந்தப் பெட்டி பொய் சொல்லக் கூடாது என்று அவனிடம் கண்டிப்பாகச் சொன்னேன். குழாய்களை மாற்றினோம். வேலி போட்டோம்.

அப்போதுதான் துறையின் முன்னாள் மாணவர் சந்திப்பு ஊட்டியில் வைப்பதாக முடிவானது. இரண்டு நாள் கொண்டாட்டம். அதில் சனிக்கிழமை காலை, நம் துறையின் பெருமைமிகு முயற்சியைப் பார்க்கக் கீழ் கோத்தகிரிக்கு ஒரு பயணம். வெளிநாட்டில் சொந்தக் கம்பெனி நடத்தும் சீனியர் ஒருவர் வருகிறார் என்றும், அவருக்குப் பிடித்துவிட்டால் இன்னும் பல எஸ்டேட்டுகளில் இதை வைக்கலாம் என்றும் பேட்ச்மேட் சொன்னான்.

"அந்த நேரத்துல செவப்பு எரிஞ்சுதுன்னா நான் தொலஞ்சேன். எக்ஸாமினர் வர்றாருன்னு நெனச்சுக்க. ரெண்டு வரி போட்டுக்கலாம். வேன் கெளம்புனதும் எடுத்துரலாம்" என்றான்.

இந்த இடத்தில் நான் மறுத்துவிட்டேன் என்று எழுத ஆசையாகத்தான் இருக்கிறது. நான் மறுக்கவில்லை. அவன் எழுதி அனுப்பியதைத் திறந்து பார்த்தேன். மண்ணின் ஈரம் முப்பத்திரண்டு, முப்பத்திரண்டு, முப்பத்திரண்டு என்று மரம் மாதிரி நின்றது. எனக்குள் இருந்த டெஸ்டர் விழித்துக்கொண்டாள். "ஒரே நம்பர் நின்னா பாக்கறவங்க கண்டுபுடிச்சிருவாங்க. கொஞ்சம் ஆடவிடு" என்றேன். சொன்னதோடு நின்றேனா? முப்பத்தொன்றுக்கும் முப்பத்துநான்குக்கும் நடுவே, காலைப் பனிக்குக் கொஞ்சம் ஏறி, மதிய வெயிலுக்குக் கொஞ்சம் இறங்கி, இடையிடையே சும்மா ஒரு தடுமாற்றம் காட்டும்படி நானே எழுதி அனுப்பினேன். அரைமணி நேர வேலை. உண்மையான எண்களுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோது எது எதுவென்று எனக்கே தெரியவில்லை. பெருமையாக இருந்தது.

சனிக்கிழமை இரண்டு வேன் வந்தது. ஒரே மாதிரி டீசர்ட் போட்ட முப்பது பேர். மேலே சரிவைப் பார்த்து ஐயோ என்றார்கள், கீழே பள்ளத்தாக்கைப் பார்த்து ஆஹா என்றார்கள். பெட்டியில் பச்சை எரிந்தது. பேட்ச்மேட் மடிக்கணினியில் எண்களைக் காட்டினான். வெளிநாட்டிலிருந்து வந்த பெரிய சீனியர் குனிந்து வெகுநேரம் பார்த்தார். "லைவ் டேட்டாவா?" என்று கேட்டார். "ஆமாங்ணா" என்றான் இவன். நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு நின்றேன்.

அக்காவைப் பேசச் சொன்னார்கள். வேலைக்குப் போகும் புடவையை மாற்றிக்கொண்டு வந்து நின்றார். "முன்னெல்லாம் மழ பேஞ்சா கண்ண மூட மாட்டோம். பின்னால சத்தம் கேக்குதான்னு காத வச்சுக்கிட்டே இருப்போம். இப்ப பச்ச எரிஞ்சா தூங்குறோம்" என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நானும் கைதட்டினேன்.

வேன் கிளம்பியது. ஆனால் அந்த இரண்டு வரி அழியவில்லை. போகிற வழியிலேயே பெரிய சீனியர் அந்த எண்கள் ஓடும் பக்கத்தின் இணைப்பைக் குழுவில் போட்டுவிட்டார். "நம் துறையின் குழந்தை, எல்லோரும் பாருங்கள்" என்று எழுதியிருந்தார். உலகம் முழுவதும் உட்கார்ந்து எங்கள் ஆட்கள் பார்க்க ஆரம்பித்தார்கள். எக்ஸாமினர் மேசையை விட்டு நகரவே இல்லை. "இவ்வளவு பேர் பாக்கறப்ப செவப்பு எரிஞ்சா மானம் போயிரும். திங்கக்கெழம மாத்தறேன்" என்றான் பேட்ச்மேட். ஞாயிற்றுக்கிழமை மாலையே தூறல் ஆரம்பித்திருந்தது. திங்கட்கிழமை காலையில் நான் கேட்டேன். மாத்தியாச்சு என்று பதில் வந்தது. அவன் அதற்குள் பெங்களூருவில் இருந்தான், பெரிய சீனியர் ஏற்பாடு செய்த யாரோ பணக்காரர்களைப் பார்க்க.

ஞாயிறு இரவு பிடித்த மழை செவ்வாய் மதியமாகியும் விடவில்லை. எங்கள் வீட்டுக்கு முன்னால் சாக்கடை பொங்கிப் படியேறியது. வேலை ஓடவில்லை. அரைமணிக்கு ஒருமுறை போனைத் திறந்து சரிவின் எண்களைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். பச்சை. முப்பத்திரண்டு. முப்பத்துமூன்று. சரி, அந்தப் பக்கம் மழை குறைவு போலிருக்கிறது என்று தேற்றிக்கொண்டு சாப்பிட உட்கார்ந்தேன். சாப்பிட்டுக் கை கழுவி வந்து மறுபடி பார்த்தேன். முப்பத்துநான்கு வரை ஏறி, லேசாகத் தடுமாறி, முப்பத்தொன்றுக்கு இறங்கியது. மதிய வெயிலுக்கு இறங்கும்படி எழுதியிருந்தேன் அல்லவா. வெளியே வெயில் எங்கே இருக்கிறது?

இவை மண்ணின் எண்கள் இல்லை, என்னுடைய எண்கள். இரண்டு நாளாக நான் எழுதியதை நானே படித்து நானே ஆறுதல் அடைந்துகொண்டிருந்தேன்.

அவனைக் கூப்பிட்டேன். போனை அணைத்து வைத்திருந்தான். எண்களை மாற்றும் கடவுச்சொல் அவனிடம் மட்டும்தான் இருந்தது. எஸ்டேட் அலுவலகத்தில் யாரும் எடுக்கவில்லை. ஐந்தாவது முயற்சியில் அக்கா எடுத்தார். மழைச்சத்தத்துக்கு நடுவே அவர் குரல் சன்னமாகக் கேட்டது.

"அக்கா, எல்லாரையும் கூட்டிட்டு உடனே பள்ளிக்கூடத்துக்குப் போயிருங்க."

"பச்சதான எரியுது மிஸ்."

"பெட்டில ஏதோ கோளாறு அக்கா." அந்த நேரத்திலும் எனக்கு வாயில் வந்தது அதுதான்.

"கோளாறுன்னா செவப்புல்ல எரியும்? ரெண்டு வாட்டியும் அப்புடித்தான எரிஞ்சுச்சு. பச்ச எரியறப்ப போங்கன்னா யாரு மிஸ் கேப்பாங்க?"

அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை. நான் சுவரில் சாய்ந்துகொண்டு சொன்னேன். "அக்கா, அந்தப் பச்சைய நாங்கதான் போட்டோம். அன்னைக்கு வேன்ல வந்தவங்களுக்குக் காட்டறதுக்காக. அதுக்கப்புறம் எடுக்கல. நாலு நாளா அது பொய்யாத்தான் எரியுது. அந்தப் பொய்ய எழுதுனது நான்."

திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டினால் தேவலை என்றுகூட இருந்தது. "சரி. நாங்க போறம்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

மூன்றே முக்காலுக்கு, கடைசி லைனுக்குப் பின்னால் இருந்த மண்கரை இறங்கியது. பெரிய சரிவு அசையவில்லை. அதன் அடியில் ஒரு துண்டுதான். அக்கா வீட்டுப் பின்சுவர் உடைந்து, அவருடைய கணவர் படுக்கும் கட்டில் வரை இடுப்பளவு சேறு நின்றது. பதினான்கு வீட்டுக்காரர்களும் அப்போது பள்ளிக்கூடத்து வராந்தாவில் இருந்தார்கள்.

அன்று மாலை குழுவில் பேட்ச்மேட் எழுதினான். நம் எச்சரிக்கைக் கருவியால் பதினான்கு குடும்பங்கள் காப்பாற்றப்பட்டன என்று. அதற்குக் கீழே கைதட்டல்கள் வந்துகொண்டே இருந்தன, இறக்கி இறக்கிப் பார்த்தேன், முடியவில்லை. எனக்கு அவன் மேல் ஆத்திரமாக வந்தது. குழுவில் உண்மையை எழுதத் துணிச்சல் வரவில்லை. பெரிய சீனியருக்குத் தனியாக எழுதினேன், நான் எழுதிக்கொடுத்த எண்கள் உட்பட எதையும் மறைக்காமல். மறுநாள் பதில் வந்தது. "ஆரம்பத்தில் எல்லாரும் செய்வதுதான்மா. கற்றுக்கொண்டீர்கள் அல்லவா, அது போதும். நல்ல டீம் நீங்கள்." இப்போது அதே மாதிரிப் பெட்டி குன்னூர் பக்கம் இரண்டு எஸ்டேட்டிலும் கூடலூர் போகும் வழியில் ஒன்றிலும் மாட்டப்பட்டிருக்கிறது. அங்கெல்லாம் எரிவது எந்தப் பச்சை என்று எனக்குத் தெரியாது. நான் விலகிவிட்டேன். விலகியதைக் குழுவில் யாரும் கவனிக்கவில்லை.

கீழ் கோத்தகிரியை மட்டும் விட முடியவில்லை. அங்கே இப்போது பெட்டி இல்லை. பின்சுவரைக் கட்டிக்கொடுத்து அவர்களை எஸ்டேட் அதே லைனில்தான் வைத்திருக்கிறது. வேறு இடம் பார்க்கிறோம் என்று ஒவ்வொரு தடவையும் சொல்கிறார்கள். மழை பிடித்தால் நான் வானிலையைப் பார்த்து, அந்தப் பக்கத்து ஜீப் டிரைவரிடம் விசாரித்து, மனதுக்கு ஒப்பவில்லை என்றால் அக்காவுக்குப் போன் செய்துவிடுவேன். அவர்களும் முணுமுணுக்காமல் ஏறிவிடுவார்கள். பொய் சொன்னவளை எப்படி நம்புகிறார்கள் என்று எனக்குப் புரியவில்லை. ஒருமுறை கேட்டேன். "ஒத்துக்கிட்டீங்கல்ல" என்றார் அக்கா.

போன மழையில் காலையிலேயே கோத்தகிரியில் மின்சாரம் போனது. மதியத்துக்குள் டவரும் போனது. சாலையில் இரண்டு இடத்தில் மரம் விழுந்துவிட்டது என்றார்கள். போனைக் கையில் பிடித்துக்கொண்டு ஜன்னலுக்கும் வாசலுக்கும் நடந்தேன். மழை அந்தப் பகலையும் இரவையும் முழுசாக எடுத்துக்கொண்டது. என் கணவர், அவங்க ஒண்ணும் சின்னப் புள்ளைங்க இல்ல, மழையப் பாத்தே கெளம்பியிருப்பாங்க என்றார். நானும் அப்படித்தான் நம்பினேன், வேறு என்ன செய்வது?

மறுநாள் மரத்தை அறுத்து வழிவிட்டதும் ஜீப் பிடித்துப் போனேன். சரிவு நின்றுகொண்டுதான் இருந்தது. நடுவில் இருந்த பிளவில் இப்போது என் கை முழங்கை வரை போனது. நேரே பள்ளிக்கூடத்துக்கு ஏறினேன். வராந்தா காய்ந்து கிடந்தது, ஒரு காலடித் தடம்கூட இல்லை. கீழே ஓடிவந்தேன். லைன் வீடுகளில் புகை வந்துகொண்டிருந்தது. அக்கா வாசலில் அரிசி களைந்துகொண்டிருந்தார்.

"ஏன் அக்கா மேல போகல? அந்த மழையில எப்படி இங்கயே இருந்தீங்க?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். என்னைப் பார்த்ததில் அவருக்குச் சந்தோஷம்தான்.

"எல்லாரும் வந்து வந்து கேட்டாங்க, மிஸ் போன் பண்ணாங்களான்னு. பண்ணலன்னு சொன்னேன். அப்ப பயமில்லன்னு எல்லாரும் படுத்துத் தூங்கிட்டோம் மிஸ்."